பற்றீரியாவின் உருவமும் யாழ்ப்பாணத்துக் காய்ச்சல்களும்



நினைவுச் சொற்பொழிவென்றால் இலக்கியமோ சமயமோ பேசுவதுதான் எங்கள் ஊர் வழக்கம். அந்த வழக்கத்தைக் கொஞ்சம் தளர்த்தி, கிருமிகளோடு காலம் கழித்த ஒருவனைப் பேச அழைத்திருக்கிறீர்கள். நன்றி. நேரே விடயத்துக்கு வருகிறேன்.

2024 நவம்பர் இறுதியில் பெங்கல் புயலையொட்டிப் பெய்த மழை குடாநாட்டின் வயல்களையும் ஒழுங்கைகளையும் ஒன்றாக்கியது. வெள்ளம் வடிந்துகொண்டிருந்த டிசம்பரில் வடமராட்சியின் கரவெட்டி, பருத்தித்துறைப் பக்கங்களில் இருந்து காய்ச்சலும் மூச்சுத்திணறலுமாக ஆட்கள் ஆசுபத்திரிக்கு வரத் தொடங்கினார்கள். சிலருக்கு நுரையீரலுக்குள் இரத்தம் கசிந்தது. சில நாட்களுக்குள் ஏழு பேர் இறந்துவிட்டதாகப் பத்திரிகைகள் எழுதின. முதலில் அது ‘இனங்காணப்படாத காய்ச்சல்’. மாதிரிகள் கொழும்புக்குப் போயின. பிறகுதான் அது எலிக்காய்ச்சல் என்று உறுதியாயிற்று.

அந்த நாட்களில் பஸ்ஸிலும் கடையிலும் கோயில் வீதியிலும் ஒரே கேள்விதான். “இந்தக் காலத்திலும் ஒரு கிருமியைக் கண்டுபிடிக்க இவ்வளவு நாளா? ஒரு துளி இரத்தத்தை எடுத்து நுணுக்குக்காட்டியில் வைத்துப் பார்த்தால் தெரியாதோ?” நியாயமான கேள்வி. பள்ளிக்கூடத்தில் கோளம், கோல், சுருள் என்று பற்றீரியாவைப் படம் வரைந்து பெயர் குறித்த எல்லோருக்கும் எழக்கூடிய கேள்வி. அந்தப் படம் எவ்வளவு தூரம் உதவும், எந்த இடத்தில் கைவிடும் என்பதை எங்கள் மண்ணின் நோய்களை வைத்தே சொல்லப் பார்க்கிறேன். இன்றைய பேச்சு முழுவதும் அந்தக் கேள்விக்கான பதில்தான்.

முதலில் அந்தப் படம் வந்த கதை. ஒல்லாந்து நாட்டின் டெல்ஃப்ற் நகரில் துணி வியாபாரம் செய்த லீவன்ஹூக், 1683இல் தன் பல்லிடுக்கின் அழுக்கைத் தானே தேய்த்துச் செய்த கண்ணாடி வில்லையால் பார்த்து, இலண்டன் றோயல் சங்கத்துக்குக் கடிதம் எழுதினார். அதோடு வந்த படத்தில் கோல்களும் உருண்டைகளும் வளைந்தோடும் ஒன்றும் இருந்தன. உருவத்தைக் கண்டவர் அவர். வகுத்தவர் அல்லர். உயிரினங்களுக்கெல்லாம் இரட்டைப் பெயர் சூட்டிய லின்னேயசே இந்த நுண்ணிய கூட்டத்தின் முன் கையை விரித்து, புழுக்களின் பிரிவில் ‘கேயோஸ்’ என்றொரு சாதிக்குள் போட்டுவிட்டார். குழப்பத்துக்குக் குழப்பம் என்றே பெயர்! ஒழுங்கான முதல் வகுப்பு 1872இல்தான் வந்தது. பிரெஸ்லாவ் நகரத் தாவரவியலாளர் ஃபேர்டினண்ட் கோன், உருண்டை, குறுங்கோல், இழை, சுருள் என்று நான்கு கூட்டமாகப் பிரித்தார். ஒரே உருவம் உடைய இரண்டு, செய்யும் வேலையில் வேறுபடலாம் என்பதும் அவருக்குத் தெரிந்தே இருந்தது. கண்ணுக்குப் பட்டதை வைத்துத்தானே தொடங்க முடியும்?

அதே 1872இல், கிறே எழுதிய உடற்கூற்று நூல் மானிப்பாயில் தமிழாக்கப்பட்டு ‘மனுஷ அங்காதிபாதம்’ என்று வந்தது. வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன் 1847இல் யாழ்ப்பாணம் வந்தவர். 1873இல் திரும்பும்வரை மேலை மருத்துவத்தைத் தமிழ்ப் பிள்ளைகளுக்குத் தமிழிலேயே கற்பிக்கலாம் என்று பிடிவாதமாக நின்றவர். எலும்பு, தசை, நரம்பு, பிரசவம், இரணவைத்தியம், இரசாயனம் ஆகிய எல்லாவற்றுக்கும் அவருடைய குழுவினர் தமிழ்ச் சொல் தேடினார்கள். அந்த நூல் வரிசையில் ஒரு துறை மட்டும் இல்லை: பற்றீரியாவியல். குறை சொல்ல முடியாது. அப்படியொரு துறை அப்போது உலகத்திலேயே நிலைபெறவில்லை. வாந்திபேதி ஊர் ஊராக ஆட்களை அள்ளிக்கொண்டு போனபோது, கிறீனிடம் படித்த வைத்தியர்கள் எந்த எதிரியோடு போராடுகிறோம் என்று தெரியாமலே போராடினார்கள்.

கிறீன் 1884 மே மாதம் அமெரிக்காவில் இறந்தார். அந்த ஆண்டை நான் வேண்டுமென்றேதான் சொல்கிறேன். 1884 பெப்ரவரியில் கல்கத்தாவில் ரொபேட் கொக், வாந்திபேதியில் இறந்தவர்களின் குடலில் காற்புள்ளிபோல் வளைந்த கோலுருவைக் கண்டதாக பேர்லினுக்கு அறிக்கை அனுப்பினார். அதே ஆண்டு பேர்லினில் ஹான்ஸ் கிறிஸ்ரியன் கிராம் என்ற டென்மார்க் இளைஞர் தமது சாயமுறையை வெளியிட்டார். அதே ஆண்டு காஃப்கி, நெருப்புக்காய்ச்சற் கிருமியைத் தனியாக வளர்த்துக் காட்டினார். ஒரே ஆண்டில் இத்தனையும். கிறீன் இன்னும் பத்தாண்டு மானிப்பாயில் இருந்திருந்தால் தமிழில் பற்றீரியாவியலுக்கு ஒரு நூல் 19ஆம் நூற்றாண்டிலேயே கிடைத்திருக்கும் என்பது என் நம்பிக்கை. அதற்கு ஆதாரம் கேட்காதீர்கள்.

கொக்கின் காற்புள்ளிக்கு உடனேயே ஒரு மறுப்பு வந்தது. முன்பு கல்கத்தாவில் வேலை செய்த திமோதி லூயிஸ், நோயில்லாதவர்களின் வாயிலும் இதேபோல் வளைந்த கிருமி இருக்கிறதே என்று காட்டினார். உண்மைதான், இருக்கிறது. உருவத்தை மட்டும் வைத்து வழக்காடியிருந்தால் கொக் தோற்றிருப்பார். அவர் உருவத்தோடு நிற்கவில்லை. அந்தக் கிருமி கூழ்மத்தில் வளரும் விதம், அதை உருக்கும் பாங்கு, அது அசையும் வேகம் எல்லாவற்றையும் சேர்த்தே சாட்சியாக வைத்தார். தொங்குதுளியில் வாந்திபேதிக் கிருமியைப் பார்த்தவர்கள் அந்த ஓட்டத்தை மறக்க மாட்டார்கள். ஒரு முனையில் ஒரேயொரு சவுக்குமுளை. அதைச் சுழற்றிக்கொண்டு எரிநட்சத்திரம்போல் குறுக்கே பாயும். உருவமும் உறுப்பும் அசைவும் கூடியபோதுதான் அடையாளம் உறுதியாயிற்று.

இதன் தொடர்ச்சி 1992இல் சென்னையில் நடந்தது. வாந்திபேதி மீண்டும் வந்தது. வளைந்த கோல், ஒற்றைச் சவுக்குமுளை, அதே பாய்ச்சல். ஆனால் அதுவரை கொள்ளைநோயை உண்டாக்கியதாக அறியப்பட்ட ஓ1 வகைக்கு எதிரான சீரத்தோடு சேர்த்தபோது கிருமிகள் ஒட்டித் திரளவில்லை. வெளிமென்சவ்வின் மேற்பரப்பில் நீட்டிக்கொண்டிருக்கும் சர்க்கரைச் சங்கிலி மாறியிருந்தது. மேலே மெல்லிய உறையும் ஒன்று இருந்தது. அதற்கு ஓ139 என்று எண் கொடுத்தார்கள். பழைய வாந்திபேதியால் உடம்பில் ஏறியிருந்த எதிர்ப்பு இந்தப் புதியதிடம் செல்லவில்லை. ஆதலால் வளர்ந்தவர்களும் கூட்டமாக விழுந்தார்கள். நுணுக்குக்காட்டியின் கண்ணுக்கு இரண்டும் ஒன்று. நோயாளியின் குருதிக்கு இரண்டும் வேறு.

இனி கிராமின் சாயம். இதில் கொஞ்சம் கூடுதலாக நிற்கப்போகிறேன், ஏனென்றால் இன்றைக்கும் எந்த மாவட்ட ஆசுபத்திரியிலும் முதலில் செய்யப்படுவது இதுதான்.

கிராம் பேர்லின் நகர ஆசுபத்திரியின் பிரேத அறையில், நியூமோனியாவில் இறந்தவர்களின் நுரையீரற் சீவல்களோடு வேலை செய்தார். இழையத்துக்குள் கிருமி தனித்துத் தெரியவேண்டும், அவ்வளவுதான் நோக்கம். ஊதாச் சாயம் இட்டு, அயடீன் இட்டு, அற்ககோலால் கழுவினார். இழையத்தின் நிறம் கழன்றது, சில கிருமிகளின் நிறம் நின்றது. வேறு சில கிருமிகளின் நிறமும் இழையத்தோடு சேர்ந்து போய்விட்டது. நெருப்புக்காய்ச்சற் கிருமி அப்படிப் போனவற்றுள் ஒன்று. இதைத் தம் முறையின் குறையாகவே கிராம் கருதி, குறைபாடுள்ள முறை என்று எழுதியே வெளியிட்டார். அவர் குறையென்று நினைத்ததுதான் பற்றீரியாவைப் பிரிக்கும் மிகப் பயனுள்ள கோடாயிற்று. நிறம் கழன்றவற்றுக்குச் சிவப்பேற்றும் கடைசிப் படியைப் பின்வந்தவர்கள் சேர்த்தார்கள். ஊதாவாக நிற்பவை கிராம்-நேர். சிவப்பாவன கிராம்-எதிர்.

ஏன் இப்படி? விடை கலச்சுவரில் இருக்கிறது. கிராம்-நேர் வகைக்குப் பெப்ரிடோகிளைக்கன் என்ற வலைப்பின்னல் 20 முதல் 80 நனோமீற்றர்வரை தடிப்பாக இருக்கும். ஊதாச் சாயமும் அயடீனும் கூடிப் பருத்த சேர்க்கை அதற்குள் சிக்கிக்கொள்ளும். அற்ககோல் பட்டதும் அந்த வலை நீரிழந்து இறுகுவதால் சாயம் வெளியே வராது. கிராம்-எதிர் வகைக்கு அந்த வலை சில நனோமீற்றர்தான். அதற்கு வெளியே கொழுப்பாலான ஒரு மென்சவ்வு. அற்ககோல் கொழுப்பைக் கரைத்து வழிவிட, சாயம் கழன்றோடும். ஆக, வழுக்கியில் நாங்கள் பார்க்கும் ஊதாவும் சிவப்பும் வெறும் நிறம் அல்ல, சுவரின் கட்டுமானம். பின்னாளில் இலத்திரன் நுணுக்குக்காட்டி படம் பிடித்துக் காட்டிய வேறுபாட்டை, எழுபது ஆண்டுகளுக்கு முன்பே மூன்று போத்தல் திரவம் காட்டிவிட்டது.

இது படிப்புக்கான விடயம் மட்டுமன்று. வெளிமென்சவ்வு உள்ள கிருமிக்குள் வன்கொமைசின் போன்ற பெரிய மூலக்கூறு நுழைய முடியாது. அந்த மென்சவ்வின் ஒரு கூறே, கிருமி சிதையும்போது இரத்தத்தில் கலந்து நோயாளியை அதிர்ச்சி நிலைக்குத் தள்ளும் நஞ்சு. எனவே நிறத்தைப் பார்த்தவுடனேயே எந்த மருந்து பயன்படாது, எந்த ஆபத்து வரலாம் என்ற இரண்டும் வைத்தியருக்குத் தெரிகின்றன. மூளையுறைக் காய்ச்சலில் முள்ளந்தண்டு நீரைச் சாயமேற்றிப் பார்க்க அரைமணி நேரம் போதும். இணையிணையான ஊதாக் கோளங்கள் தெரிந்தால் ஒரு திசை. இணையிணையான சிவப்புக் கோளங்கள் தெரிந்தால் இன்னொரு திசை. வளர்ப்பின் முடிவு வர நாள் செல்லும். அதற்குள் நோயாளி போய்விடலாம்.

நிறத்தோடு அடுக்கும் சேர வேண்டும். கோளங்கள் பிரியும்போது ஒரே தளத்தில் பிரிந்தால் சங்கிலியாகும். அது ஸ்ரெப்ரோகொக்கசு. தளம் மாறி மாறிப் பிரிந்தால் கொத்தாகும். எங்கள் வலிகாமத்துத் திராட்சைப் பந்தலில் தொங்கும் குலையேதான். ஸ்கொத்லாந்துச் சத்திரசிகிச்சையாளர் அலெக்சாண்டர் ஒக்ஸ்ரன் 1880களின் தொடக்கத்தில் சீழ்க்கட்டிகளில் இந்த இரண்டையும் பிரித்துக் கண்டு, கொத்தாக இருப்பதற்கு ஸ்ரபிலோகொக்கசு என்று பெயர் வைத்தார். கட்டியில் ஒன்று. தொண்டை நோவிலும் அதைத் தொடர்ந்து இதய வால்வைக் கெடுக்கும் வாதக்காய்ச்சலிலும் மற்றது. சங்கிலியா கொத்தா என்ற கேள்விக்கு அந்தளவு கனம் உண்டு.

சரி, எங்கள் ஊர்க் காய்ச்சல்களுக்கு வருவோம். இலங்கையின் தொற்றுநோய் அறிக்கைகளில் நெருப்புக்காய்ச்சலுக்கும் உண்ணிக்காய்ச்சலுக்கும் யாழ்ப்பாண மாவட்டம் நெடுங்காலமாக முன்வரிசையில் நிற்கிறது. பெருமைப்பட ஏதும் இல்லை.

நெருப்புக்காய்ச்சற் கிருமி ஒரு கிராம்-எதிர் கோல். வழுக்கியில் அதைப் பார்த்துப் பெயர் சொல்கிறேன் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். குடலில் தீங்கின்றி வாழும் ஈகோலை அதே நிறம், அதே நீளம். பிரிப்பதற்கு வளர்ப்புத் தட்டு வேண்டும். மக்கொங்கி ஊடகத்தில் ஈகோலை பாற்சர்க்கரையை நொதிக்கச்செய்து இளஞ்சிவப்பாகும். நெருப்புக்காய்ச்சற் கிருமி நிறமின்றி நிற்கும். அதற்கப்பால் மேற்பரப்பின் அமைப்பு: உடற்பரப்பின் சர்க்கரைச் சங்கிலி ஓ, சவுக்குமுளையின் புரதம் எச், வெளியுறை வீஐ. இந்த மூன்றையும் எதிர்ச்சீரங்களால் தொட்டுப்பார்த்துத்தான் சல்மொனெல்லாக் குடும்பத்தின் 2,500க்கு மேற்பட்ட வகைகளைப் பிரித்திருக்கிறார்கள். உருவத்தில் எல்லாம் ஒரே கோல்.

1896இல் வந்த வீடால் பரிசோதனை நோயாளியின் குருதியில் இந்த ஓவுக்கும் எச்சுக்கும் எதிரான பொருளைத் தேடுவது. எங்கள் பக்கத்தில் அதை நம்பி வைத்தியம் செய்வது இன்னும் தொடர்கிறது. நோய் பரவலாக உள்ள இடத்தில் சுகமாக இருப்பவரின் குருதியிலும் அது காட்டும். முதல் வாரத்தில் இரத்தத்தை வளர்ப்புக்கு அனுப்புவதே சரி. அதுவும் நுண்ணுயிர்கொல்லி தொடங்குமுன். பெட்டிக்கடை அளவுக்கு மருந்துக்கடைகள் பெருகி, காய்ச்சல் என்றவுடன் இரண்டு குளிசை கையில் கிடைக்கும் ஊரில் இதை யாரிடம் சொல்வது?

கிணறுகளைப் பற்றி ஒரு வார்த்தை. ஆறில்லாத குடாநாடு. காலடியில் வெடிப்பும் குகையுமான சுண்ணக்கல். மலக்குழிக்கும் கிணற்றுக்கும் இடையில் அந்தக் கல் வடிகட்டாது, குழாய்போல் கொண்டுபோய்ச் சேர்த்துவிடும். கிணற்றுநீரில் ஈகோலை இருக்கிறதா என்று பார்ப்பது அது தீங்கானது என்பதற்காக மட்டும் அல்ல. அது வந்த வழியால் நெருப்புக்காய்ச்சலும் வரும் என்பதற்காகவும்தான்.

கசத்துக்கு கிராம் சாயம் உதவாது. அந்தக் கிருமியின் சுவரில் மைக்கோலிக்கமிலம் என்ற நீண்ட கொழுப்பு படிந்திருப்பதால் சாதாரண சாயம் நுழையாது. சூடேற்றிச் செஞ்சாயத்தைப் புகுத்திவிட்டால், அமிலத்தால் கழுவினாலும் பிறகு போகாது. நீலப் பின்னணியில் சிவந்த மெல்லிய கோல்கள் தெரியும். 1882 மார்ச் 24ஆம் திகதி கொக் கசக்கிருமியை அறிவித்தபின் எர்லிக், சீல், நீல்சன் ஆகியோரின் கைகளில் திருந்திய முறை இது. நுழையவிடாத அதே சுவர்தான் கிருமியை உலர்விலிருந்தும் மருந்துகளிலிருந்தும் காக்கிறது. கச வைத்தியம் மாதக்கணக்கில் நீள்வதற்கு அதுவும் ஒரு காரணம்.

கசம்போல் வேடமிடும் ஒன்று மெலியோய்டோசிசு. 1911இல் ரங்கூனில் விற்மோரும் அவருடைய உதவியாளர் கிருஷ்ணசுவாமியும் இதை முதன்முதல் கண்டார்கள். உலகம் விற்மோர் நோய் என்றே சொல்லிப் பழகிவிட்டது. கிருஷ்ணசுவாமியின் பெயர் நாங்களாவது சொல்லவேண்டிய பெயர். இலங்கையில் 1927இலேயே அறிக்கையான இந்த நோயைப் பிறகு பல பத்தாண்டுகள் எவரும் தேடவில்லை. தேடத் தொடங்கியபின் நாடெங்கும் கிடைக்கிறது. மண்ணிலும் வயற்சேற்றிலும் வாழும் கிருமி. நீரிழிவு உள்ளவரைத் தேடிப் பிடிக்கும். சாயமேற்றினால் இரு முனையும் நிறம் பிடித்து நடு வெளிறித் தெரியும். சட்டை ஊசிபோல் என்று மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பார்கள். நல்ல குறிப்புத்தான். ஆனால் வேறு கிராம்-எதிர் கோல்களும் சில வேளை அப்படித் தெரியும். இது சில வேளை அப்படித் தெரியாது. வளர்ப்பில் வந்தபின்னும் ‘சூடோமோனாசு ஏதோ ஒன்று’ என்றோ, வெளியிலிருந்து விழுந்த அழுக்கு என்றோ ஒதுக்கிவிடும் ஆபத்து உண்டு. ஜென்ரமைசினுக்கு மசியாத, மண்வாசனையும் சுருக்கமும் உள்ள கூட்டம் என்றால் சந்தேகப்படுங்கள். சாதாரண மருந்துகள் பலிக்காமல் நாட்கள் கழிந்தால் ஆளைக் காப்பாற்றுவது கடினம்.

உண்ணிக்காய்ச்சலில் நிலைமை இன்னும் மோசம். பற்றைக்குள் இருக்கும் நுண்ணிய உண்ணியின் குடம்பி கடித்து ஏற்றும் ஒரியன்சியா, உயிருள்ள கலத்துக்குள் மட்டும் பெருகும். தட்டில் வளராது. கிராம் சாயத்தில் அகப்படாது. அதற்கு ஆய்வுகூடக் கண்ணைவிட வைத்தியரின் கண் உதவும். கக்கத்தில், கவட்டில், மார்புக்குக் கீழே மறைந்திருக்கும் ஒரு கறுத்த பொருக்கைத் தேடிக் கண்டால் நோய் பிடிபட்டது. நோயாளியின் உடுப்பை விலக்கிப் பார்க்க நேரமில்லாத வைத்தியத்துக்கு எந்த இயந்திரமும் துணைவராது.

இப்போது 2024 டிசம்பருக்குத் திரும்பலாம்.

எலிக்காய்ச்சற் கிருமி லெப்ரோஸ்பைரா. 6 முதல் 20 மைக்கிரோமீற்றர் நீளம், ஆனால் தடிப்பு 0.1 மைக்கிரோமீற்றர் மட்டுமே. ஒளி நுணுக்குக்காட்டியால் பிரித்தறியக்கூடிய ஆகச் சிறிய அளவு ஏறத்தாழ 0.2. அதாவது வழுக்கியில் இருந்தாலும் தெரியாது. சுவர் கிராம்-எதிர் அமைப்புத்தான், ஆனால் சாயம் பிடித்துத் தெரியும் பருமன் இல்லை. முதன்முதலில் இது கண்ணுக்குப் பட்டது 1907இல், வெள்ளி உப்புப் படியவைத்துத் தடிப்பாக்கியதால். மஞ்சட் காய்ச்சலில் இறந்ததாகக் கருதப்பட்ட ஒருவரின் சிறுநீரகச் சீவலில் ஸ்ரிம்சன் என்ற அமெரிக்க வைத்தியர் கண்டார். முனை கொக்கியாய் வளைந்து கேள்விக்குறிபோல் இருந்ததால் ‘இன்ரெறொகன்சு’ என்று பெயரிட்டார். எங்கள் வடமராட்சிக் கேள்வி அந்தப் பெயருக்குள்ளேயே இருந்திருக்கிறது.

நோயோடு அதைப் பொருத்திக் காட்டியவர்கள் யப்பானியர். கியூசுத் தீவின் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளருக்கு வந்த மஞ்சட்காமாலைக் காய்ச்சலில் இனாடாவும் இடோவும், நோயாளியின் இரத்தத்தைக் கினிப்பன்றிக்கு ஏற்றி 1915இல் கிருமியைக் கொண்டுவந்தார்கள். சேற்று அகழிகளில் கிடந்த படைவீரரிடம் ஜேர்மனியரும் அதே காலத்தில் கண்டார்கள். சேறு, எலி, வெறுங்கால்: எல்லா இடத்திலும் கதை ஒன்று.

இதற்குள் ஒரு சோகக் கிளைக்கதை. லெப்ரோஸ்பைரா என்ற பெயரை 1917இல் உருவாக்கியவர் நொகுச்சி என்ற பெரும் விஞ்ஞானி. பிறகு தென்னமெரிக்காவில் மஞ்சட் காய்ச்சல் நோயாளிகள் என்று சொல்லப்பட்டவர்களிடம் இதே உருவத்தைக் கண்டு, மஞ்சட் காய்ச்சலின் காரணி இதுதான் என்று அறிவித்தார். அவர்கள் பெரும்பாலும் எலிக்காய்ச்சல்காரராகவே இருந்திருக்க வேண்டும். இரண்டு நோயிலும் கண் மஞ்சளாகும், இரத்தம் கசியும். மஞ்சட் காய்ச்சலுக்குக் காரணம் ஒரு வைரசு. உண்மையைத் தேடி ஆபிரிக்காவின் அக்ராவுக்குப் போன நொகுச்சி 1928இல் மஞ்சட் காய்ச்சலிலேயே இறந்தார்.

சுருளுருக்களின் ஏமாற்று எங்கள் நாட்டிலும் நடந்திருக்கிறது. 1905இல் கொழும்பில் வேலைசெய்த இத்தாலிய வைத்தியர் கஸ்ரெல்லானி, பறங்கிப்புண்ணில் ஒரு சுருட்கிருமியைக் கண்டார். அதே ஆண்டில்தான் ஜேர்மனியில் மேகப்புண்ணின் சுருட்கிருமியும் தெரியவந்தது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் இன்றைக்கும் உருவத்தால் பிரிக்க முடியாது. ஒன்று சிறுபிள்ளைகளின் தோலில் பரவுவது, மற்றது உடலுறவால் வருவது. இப்போது ஒரே இனத்தின் இரு துணையினங்கள் என்கிறார்கள்.

லெப்ரோஸ்பைராவைப் பார்க்க இருட்புல நுணுக்குக்காட்டி என்று ஒன்று உண்டு. ஒளியைப் பக்கவாட்டில் பாய்ச்சி, கறுத்த பின்னணியில் கிருமியை வெள்ளி நூலாக மினுங்கவைப்பது. அழகான காட்சி. ஆனால் ஒரு மில்லிலீற்றரில் பத்தாயிரம் அளவில் கிருமி இருந்தால்தான் ஒரு புலத்தில் ஒன்று அகப்படும். இரத்தத்தில் மிதக்கும் பைபிரின் நூலும் உடைந்த செங்கலத்தின் துணுக்கும் அதேபோல் நெளிந்து ஏமாற்றும். வளர்ப்போ வாரக்கணக்கு. எதிர்பொருள் தெரிய நோய் தொடங்கி ஐந்தாறு நாளாவது ஆகவேண்டும். உயிருள்ள கிருமியோடு நோயாளியின் சீரத்தைச் சேர்த்துப் பார்க்கும் ஒட்டுப் பரிசோதனையை எல்லா ஆசுபத்திரியிலும் செய்ய முடியாது. கொழும்பு மருத்துவ ஆராய்ச்சி நிறுவகத்துக்கே அனுப்புவது வழக்கம். பீ.சீ.ஆர். விரைவானது, ஆனால் முதல் வாரத்து இரத்தம் வேண்டும். “நுணுக்குக்காட்டியில் வைத்தால் தெரியாதோ” என்றவர்களுக்கு இதுதான் விடை.

பார்த்தாலும் ஒரு சிக்கல். குளத்தில் சும்மா வாழும் லெப்ரோஸ்பைராவும் ஆளைக் கொல்லும் லெப்ரோஸ்பைராவும் உருவத்தில் ஒன்றே. 1989க்கு முன் நோய் தருவது, தராதது என்று இரண்டு இனம் மட்டும் வைத்திருந்தார்கள். மரபணுவைப் படித்தபின் அது அறுபதுக்கு மேற்பட்ட இனங்களாகிவிட்டது. ஆனால் அந்தச் சுருள் வீண் அலங்காரம் அல்ல. இரு முனையிலிருந்தும் உள்நோக்கி வளரும் இரண்டு சவுக்குமுளைகள் வெளிமென்சவ்வுக்கு உள்ளேயே சுழல்வதால் உடல் முழுதும் திருகாணிபோல் திரும்புகிறது. சேறு, சளி, இழையம் போன்ற பசைத்தன்மையான இடத்தில் மற்றக் கிருமிகள் தடுமாற, இது துளைத்துக்கொண்டு போகும். காலில் ஒரு சிறு கீறலும் நனைந்து ஊறிய தோலும் அதற்குப் போதும்.

உருவ வகைப்பாட்டின் எல்லைக்கு இன்னொரு சாட்சி ஆனையிறவுப் பக்கத்தில் இருப்பவர்களுக்குப் பிடிக்கும். உப்பளத்தில் நீர் முற்றும்போது செந்நிறம் படருமே, அந்த நிறத்தில் பெரும்பங்கு உப்பை விரும்பும் நுண்ணங்கிகளுடையது. அந்தக் கூட்டத்தில் ஒன்று சதுரமாக, அஞ்சல் முத்திரைபோல் தட்டையாக இருப்பதை 1980இல் வோல்ஸ்பி என்ற ஆய்வாளர் சீனாய்ப் பாலைநிலத்தின் உப்புக்குளமொன்றில் கண்டார். கோளம், கோல், சுருள் என்று மூன்றையே வரைந்த பிள்ளைகளுக்கு இது நாலாவது. அதைவிடப் பெரிய விடயம், அது பற்றீரியாவே இல்லை. 1977இல் வூஸ் என்ற ஆய்வாளர் றைபோசோமின் ஆர்.என்.ஏ.யை ஒப்பிட்டு, பற்றீரியாபோல் தோன்றும் ஒரு கூட்டத்தைத் தனிக் கிளையாகப் பிரித்துவிட்டார். இன்று ஆர்க்கியா என்று சொல்லும் அந்தக் கிளையைச் சேர்ந்தது இது. கோன் காலத்திலிருந்து கண் பார்த்ததை மூலக்கூறு அளவில் திருத்திய வேலை.

ஆகவே இனி நுணுக்குக்காட்டியைப் பூட்டி வைக்கலாமா? என் தீர்ப்பு, கூடாது. முதலாவது, மரபணுவைப் படிக்கும் இயந்திரம் என்ன கிருமி என்று சொல்லும். சீழில் அது வெள்ளணுக்களுக்குள் இருந்ததா, வெளியே மிதந்ததா, தனியே இருந்ததா, கலப்பாக இருந்ததா என்பதை வழுக்கிதான் சொல்லும். இரண்டாவது, அந்த இயந்திரத்தின் கரைசல்கள் கப்பலில் வரவேண்டும். போர்க்காலத்தில் மருந்துக்கும் மின்சாரத்துக்கும் தட்டுப்பாடு நிலவிய குடாநாட்டில் வழுக்கியும் நான்கு போத்தல் சாயமும் ஒரு பழகிய கண்ணும் என்ன செய்தன என்பதை இந்த மண்டபத்தில் உள்ள மூத்த ஆய்வுகூடத் தொழில்நுட்பவியலாளர்கள் என்னைவிட நன்றாகச் சொல்வார்கள். 1978இல் மருத்துவ பீடம் தொடங்கியதிலிருந்து இங்கே பயின்றவர்கள் அந்தக் கண்ணைப் பெற்றுக்கொண்டே வெளியேறினார்கள். அதைக் கைவிட்டால் திரும்பப் பெற ஒரு தலைமுறை செல்லும்.

வைத்திய மாணவர்களே, மாதிரியை அனுப்பும் படிவத்தில் ‘காய்ச்சல்’ என்று ஒரு சொல் எழுதி அனுப்பாதீர்கள். நோயாளி வயலில் இறங்கினாரா, நீரிழிவு உண்டா, எத்தனையாவது நாள் காய்ச்சல், ஏற்கனவே குளிசை எடுத்தாரா என்று எழுதுங்கள். எந்தச் சாயம், எந்த ஊடகம், எந்தக் கொழும்புப் பரிசோதனை என்பதை அந்த நான்கு விவரங்கள்தான் தீர்மானிக்கின்றன. விஞ்ஞான ஆசிரியர்களே, பாடசாலை அலுமாரிக்குள் இருக்கும் நுணுக்குக்காட்டியை வெளியே எடுத்து, ஒரு துளி தயிரையாவது பிள்ளைகளுக்குக் காட்டுங்கள்.

மற்றவர்களுக்கு ஒரு வேண்டுகோள். காலபோக வயலுக்குள்ளோ வெள்ளத்துக்குள்ளோ இறங்கியவருக்குப் பின்னர் காய்ச்சலும் கெண்டைக்கால் நோவும் வந்தால், இரண்டாம் நாளைக் கடத்தாமல் ஆசுபத்திரிக்குப் போய், வெள்ளத்தில் இறங்கியதை வைத்தியர் கேட்காவிட்டாலும் தாமாகவே சொல்ல வேண்டும். வயல் வேலைக்குப் போகிறவர்கள் இறங்குமுன்பே சுகாதார வைத்திய அதிகாரி அலுவலகத்துக்கோ பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடமோ போய் டொக்சிசைக்கிளின் கேளுங்கள். அது அங்கே இலவசமாகக் கொடுக்கப்படுகிறது.